தங்கை வாசித்த வினாத்தாள்

என் தங்கையின் குரல் இந்த நகரத்தில் பாதிப் பேருக்குத் தெரியும். முகம் தெரிந்தவர்கள் குறைவு. பெரிய ரயில் நிலையத்தின் மாடியில், கடிகாரத்துக்குப் பின்புறம், ஜன்னல் இல்லாத ஒரு சிறிய அறை இருக்கிறது. அங்கே மைக்குக்கு முன்னால் உட்கார்ந்து, எந்த வண்டி எந்த நடைமேடையிலிருந்து கிளம்புகிறது, எது தாமதம், எது ரத்து என்று ஒலிபெருக்கியில் சொல்வது அவள் வேலை. கல்யாணத்துக்கு முந்திய ஆண்டு அந்த நாற்காலியில் உட்கார்ந்தவள், இன்றுவரை எழுந்திருக்கவில்லை.

அந்த வேலைக்கு என்று அவளாகக் கண்டுபிடித்த ஒரு முறை உண்டு. நிலையத்தில் யாரும் அறிவிப்பை முழுதாகக் கேட்பதில்லை. பெட்டி உருளும், குழந்தை அழும், யாராவது யாரையாவது கூப்பிட்டுக்கொண்டே இருப்பார்கள். அந்த இரைச்சலில் பயணிக்கு வேண்டியது ஒரே ஒரு சொல், நடைமேடை எண். அதற்கு முன்னால் என் தங்கை அரை மூச்சு நிறுத்துவாள். பேச்சு நின்றதும் கூட்டம் தன்னையறியாமல் காதைத் தீட்டிக்கொள்ளும். பிறகு எண்ணைச் சற்றுத் தாழ்ந்த குரலில் சொல்வாள். உரக்கச் சொன்னால் இரைச்சலோடு போய்விடும், தாழ்த்திச் சொன்னால் தனியாகக் கேட்கும் என்பது அவள் கணக்கு. அது சரியான கணக்குதான்.

"போர்டைப் படிக்கத் தெரிஞ்சவங்களுக்கு நான் எதுக்கு? படிக்க முடியாதவங்களுக்காகத்தான் என்னை உக்கார வெச்சிருக்காங்க" என்று பெருமையாகச் சொல்வாள். அப்படி அவள் சொல்லிக்கொண்டிருந்த காலத்தில் அவள் வீட்டிலேயே படிக்க முடியாத ஒருத்தி இருந்தாள். அவளை இவள் அடித்துக்கொண்டிருந்தாள்.

என் தங்கைக்கு ஒரே மகள். வாய்த்துடுக்கு அதிகம். பார்த்ததை அப்படியே நடித்துக் காட்டுவாள். கேட்ட கதையை ஒரு சொல் விடாமல் திருப்பிச் சொல்வாள். புத்தகத்தைத் திறந்தால் மட்டும் ஊமையாகிவிடுவாள். எழுத்துகள் இடம் மாறும், வரிகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறும் என்று அவளே பிற்காலத்தில் எனக்குச் சொன்னாள். அன்றைக்கு அதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. எல்லாருக்கும் அப்படித்தான் தெரியும், மற்றவர்கள் எப்படியோ சமாளித்துவிடுகிறார்கள், தனக்குத்தான் திறமை இல்லை என்று நினைத்திருந்தாள். வகுப்பு ஆசிரியை பெற்றோர்களைக் கூப்பிட்டு அனுப்பிய நாட்களில் என் தங்கை கடைசி வரிசையில் உட்கார்ந்து, எல்லாரும் போன பிறகே எழுந்திருப்பாள். வீட்டுக்கு வந்ததும் ஸ்கேலைத் தேடுவாள்.

அவள் கணவர் ரயில் நிலையத்துக்கு எதிரே சாவிக்கடை வைத்திருந்தார். "விடேன், பேரு எழுதத் தெரிஞ்சாப் போதும். என் கடைக்கு வாரிசு வேணாமா?" என்பார்.

"உங்க கடையில உக்கார்றதுக்கா நான் பெத்தேன்?"

"நீ பெக்கும்போது நான் கடையிலதான்மா உக்காந்திருந்தேன்" என்று அவர் சிரிப்பார். அவர் சிரிப்பு அந்த வீட்டில் எந்தப் பூட்டையும் திறந்ததில்லை.

ஒரு கல்யாண வீட்டில் நடந்தது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. நானும் அங்கே இருந்தேன். எங்கள் அத்தை ஒருத்தி அழைப்பிதழை மகளிடம் நீட்டி, "எங்க, மணமகன் பேரைப் படி பாப்போம்" என்றாள். குழந்தை அட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். விரல் எழுத்துக்கு எழுத்து நகர்ந்தது, வாயிலிருந்து ஒன்றும் வரவில்லை. இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். என் தங்கை சட்டென்று, "கண்ணு சரியில்ல அத்தை. கண்ணாடி போடணும்னு டாக்டர் சொல்லியிருக்காரு" என்றாள்.

எந்த டாக்டரும் அப்படிச் சொல்லியிருக்கவில்லை. ஆனால் சொல்லிவிட்டதை மெய்யாக்க வேண்டியிருந்தது. அடுத்த வாரமே ஒரு கண்ணாடிக் கடையில் பவர் இல்லாத வெறும் கண்ணாடியைச் சட்டத்தில் போட்டு வாங்கி வந்தாள். "பவரே இல்லாம எதுக்கும்மா?" என்று கேட்ட கடைக்காரரிடம், "நாடகத்துக்கு" என்று சொன்னாளாம். மகள் அதை இரண்டு வருடம் போட்டுக்கொண்டாள். உறவுக்காரர்கள் வந்தால் மறக்காமல் எடுத்து மாட்டிக்கொள்வாள். தன் அம்மாவுக்குத் தன்னால் வெட்கம் என்பது அந்தக் குழந்தைக்குப் புரிந்திருந்தது. எனக்குப் புரியவில்லை. நான் அந்தக் கண்ணாடியை நம்பினேன்.

மகள் ஒன்பதாம் வகுப்பில் தோற்றபோது, பள்ளிக்குப் புதிதாக வந்திருந்த ஒரு ஆசிரியை வற்புறுத்தியதால், கற்றல் குறைபாடுகளைப் பார்க்கும் ஒரு நிபுணரிடம் கூட்டிப்போனார்கள். அவர் இரண்டு நாள் சோதித்துவிட்டு டிஸ்லெக்சியா என்றார்.

"குணமாகுமா டாக்டர்?"

"இது நோய் இல்லம்மா. புத்திக்கும் இதுக்கும் சம்பந்தமும் இல்ல. எழுத்தைப் பிரிச்சுப் படிக்கிற வேலை மட்டும் இவங்களுக்குக் கஷ்டம். வேற வழியில சொல்லிக் குடுக்கணும், கூட நேரம் குடுக்கணும், படிச்சுக் காட்டணும். அடிச்சா வராது."

கடைசி வாக்கியத்தை அவர் யாரையும் பார்த்துச் சொல்லவில்லை. மகள் அம்மாவைப் பார்க்காமல் மேஜையிலிருந்த பேனாவைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதற்குப் பிறகுதான் அவள் ஊருக்குப் பேச ஆரம்பித்தாள். வெட்கம் அவளைப் பிடித்துத் தள்ளிய தள்ளில், இருபது ஆண்டு அவள் நிற்கவில்லை என்று சொல்லலாம். இதே பிரச்சினை உள்ள பிள்ளைகளின் பெற்றோர்களைத் தேடிப் பிடித்தாள். ரயில் நிலையத்துக்குப் பின்னால் ஊழியர் சங்கக் கூடத்தில் ஞாயிற்றுக்கிழமைகளில் கூட்டினாள். பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாகப் போய்த் தலைமை ஆசிரியர்களின் அறை வாசலில் காத்திருந்தாள். தேர்வில் கூடுதல் நேரம் கேட்டாள், கேள்வியை வாசித்துக் காட்ட ஆள் கேட்டாள், எழுத்துப் பிழைக்கு மார்க் குறைக்காதீர்கள் என்று கேட்டாள். அவளுக்கு 'வாசிப்பக்கா' என்று பெயர் வந்தது.

எங்கே பேசினாலும் முதல் வாக்கியம் ஒன்றுதான்: "என் பொண்ணை ஸ்கேலால அடிச்சவ நான்." கூட்டம் அமைதியாகிவிடும். பின்னால் சில தாய்மார்கள் முந்தானையைக் கண்ணில் ஒற்றிக்கொள்வார்கள். முடிந்ததும் கைதட்டுவார்கள். ஒருமுறை மகளும் வந்திருந்தாள். வீடு திரும்பும்போது, "நல்லாயிருக்கும்மா. அடி எனக்கு, கைதட்டல் உனக்கு" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். என் தங்கையும் சிரித்தாள். இருந்தாலும் அன்று இரவுச் சாப்பாட்டை அவள் தொடவில்லை என்று அவள் கணவர் என்னிடம் சொன்னார்.

மகள் பத்தாவதோடு நின்று, இரும்புத் தகடுகள் அடுக்கும் ஒரு கிடங்கில் வேலைக்குச் சேர்ந்தாள். கூரைக்கடியில் தண்டவாளத்தில் ஓடும் கிரேன் அங்கே உண்டு. கீழே நின்று சரக்குக்குக் கொக்கி மாட்டுவதும், மேலே இருக்கும் கிரேன் ஓட்டுநருக்குக் கையால் சைகை காட்டுவதும் அவள் வேலை. சில ஆண்டுகளில் கிரேனையே ஓட்டக் கற்றுக்கொண்டாள். ஓட்டிக் காட்டும் தேர்வில் முதல் தடவையே தேறினாள். எழுத்துத் தேர்வில் இரண்டு முறை தோற்றாள். பாதிக் கேள்விகளைப் படித்து முடிப்பதற்குள் மணி அடித்துவிடும். உரிமம் இல்லாமல் கேபினில் ஏறக் கூடாது. பழைய ஓட்டுநர் ஓய்வு பெறப்போகிறார், அந்த இடம் உனக்குத்தான், உரிமத்தோடு வா என்று மேலாளர் சொல்லியிருந்தார்.

பார்வை இல்லாதவர்கள் எழுதும் தேர்வுகளுக்கு வாசிப்பவர் உண்டு, டிஸ்லெக்சியா உள்ளவர்களுக்கு ஏன் இல்லை என்று கேட்டுக்கொண்டு என் தங்கை உரிம அலுவலகத்தின் படியேறினாள். தேர்வு அதிகாரி கெட்டவர் அல்லர். ஆனால் புதிதாக எதையும் செய்து பழக்கமில்லாதவர்.

"ஏம்மா, படிக்க வராதவங்களை கிரேன்ல ஏத்தச் சொல்றீங்க. மேல 'நிறுத்து'ன்னு எழுதியிருந்தா என்ன பண்ணுவாங்க?"

"சார், கிரேன் ஓட்டுறவங்க எழுத்தைப் பாத்தா ஓட்டுறாங்க? கீழ நிக்கிறவங்க கையைப் பாத்து ஓட்டுறாங்க. என் பொண்ணு பதினஞ்சு வருஷமா அந்தக் கையைக் காட்டிக்கிட்டிருக்கா."

"விதியில இல்லம்மா."

"விதியை நீங்கதானே சார் எழுதுறீங்க. தலைவிதி மாதிரி பேசுறீங்களே."

அவர் சிரித்துவிட்டார். அதன் பிறகும் இரண்டு ஆண்டு இழுத்தார்கள். இந்த இரண்டு ஆண்டும் மாலை நேரங்களில் என் தங்கை கிரேன் பாடநூலை மகளுக்கு வாசித்துக் காட்டினாள். கம்பிவடம், சுமை அளவு, காற்று வீசினால் என்ன செய்வது, கொக்கி எப்போது கழற்றுவது எல்லாம் அவளுக்கே மனப்பாடமாகிவிட்டது. ஒருநாள் அவள் கணவர், "இனிமே ரெண்டு பேரும் கிரேனைத் தூக்கிட்டு வந்து வாசல்ல கட்டிடுங்க" என்றார்.

கடைசியில் அலுவலகம் ஒரு சோதனைக்குச் சம்மதித்தது. வாசிப்பதில் சிரமம் உள்ள ஐந்து பேருக்கு, கேள்விகளும் நான்கு நான்கு விடைகளும் குரலில் பதிவு செய்யப்பட்டு, காதுக் கருவியில் கேட்கத் தரப்படும். அவர்கள் சரியான எண்ணை மட்டும் குறித்தால் போதும். நன்றாக நடந்தால் எல்லாருக்கும் இது விதியாகும். ஏதாவது கோளாறு நடந்தால் இத்தோடு சரி. யார் வாசிப்பது என்ற கேள்வி வந்தபோது அதிகாரி, "ஸ்டேஷன் குரலே கையில இருக்கும்போது வேற யாரைத் தேடுறது?" என்றார். அந்த ஐவரில் ஒருத்தி மகள் என்பது அவருக்குத் தெரியும். வாசிப்பவரிடம் கேள்விதானே இருக்கிறது, விடைத்தாள் அலுவலகத்தில் பூட்டியல்லவா இருக்கிறது என்று நினைத்தார். ரயில் நிலைய அறிவிப்பாளருக்குக் கிரேன் விடைகள் தெரிந்திருக்கும் என்று அவருக்குத் தோன்றவில்லை. வெளியில் சொல்லமாட்டேன் என்று கையெழுத்துப் போட்டுவிட்டு, அலுவலகத்தின் உள்ளறையில் உட்கார்ந்து என் தங்கை வாசித்தாள். கேள்வியில் ஒரு சொல்லைக்கூட வெளியில் சொல்லவில்லை. அது உண்மை.

தேர்வு முடிந்து மகள் வீட்டுக்கு வந்தாள். வேலைக் காலணியைக் கழற்றாமல் சமையலறை வாசலில் நின்றாள்.

"எப்படிடி இருந்துச்சு?"

"ஈஸி."

"நான்தான் சொன்னேனே!"

"ஆமாம்மா. நீதான் சொன்ன. எல்லாத்துக்கும் நீதான் சொன்ன."

என் தங்கைக்குப் புரியவில்லை. மகள் உட்கார்ந்தாள். "ஒண்ணு, ரெண்டு, மூணுன்னு படிச்சுக்கிட்டே வர்ற. சரியான பதில் வர்றதுக்கு முன்னாடி நிறுத்துற. அப்புறம் குரலைக் கீழ இறக்குற. ஸ்டேஷன்ல செய்வியே, அதே மாதிரி. மூணு கேள்வி முடியுறதுக்குள்ள எனக்குத் தெரிஞ்சு போச்சு."

"நான் வேணும்னு செய்யலடி."

"தெரியும். வேணும்னு செஞ்சிருந்தா திட்டிட்டுப் போயிருப்பேன்." அவள் குரல் உயரவில்லை. "முக்கால்வாசி எனக்கே தெரிஞ்ச பதில்தாம்மா. ஆனா எது எனக்குத் தெரிஞ்சது, எது நீ சொன்னதுன்னு இப்ப எனக்கே பிரிக்க முடியல. காதை மூடிக்கிட்டு எழுத முடியுமா? ரிசல்ட் வந்தாலும் அந்த லைசன்ஸை நான் வாங்க மாட்டேன்."

சாவிக்கடைக்காரர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "யாருக்கும் தெரியாது. யாரும் கேக்கப்போறதும் இல்ல. விட்ருங்களேன்."

"எனக்குத் தெரியுமேப்பா."

மறுநாள் காலை என் தங்கை என் வீட்டுக்கு வந்தாள். யோசனை கேட்க வந்தாள் என்று நினைத்தேன். அப்படியில்லை. யாரிடமாவது சொல்ல வேண்டியிருந்தது. "அண்ணா, அந்த மைக்குக்கு முன்னால உக்காந்தப்ப, கல்யாண வீட்ல அட்டையைப் புடிச்சுக்கிட்டு நின்னாளே, அந்த முகம்தான் ஒவ்வொரு கேள்விக்கும் எதிர்ல வந்துச்சு. இருபது வருஷமா ஊர் ஊரா என்ன சொன்னேன்? இவங்களுக்குப் புத்தி குறைச்சல் இல்ல, வாசிச்சுக் காட்டினாப் போதும்னு சொன்னேன். அதை நானே நம்பலியே. என் வாய் நம்புச்சு, மூச்சு நம்பல." அதிகாரியிடம் சொன்னால் ஐந்து பேர் தாளும் ரத்தாகும், ஊரில் உள்ள மற்றப் பிள்ளைகளுக்கு வரவேண்டிய விதியும் போய்விடலாம். சொல்லாவிட்டால் மகள் அந்தக் கேபினில் ஏறமாட்டாள். காப்பியைக் குடிக்காமலே எழுந்து உரிம அலுவலகத்துக்குப் போனாள். நானும் கூடப் போனேன்.

அதிகாரி பதிவைப் போட்டுக் கேட்டார். மறுபடி கேட்டார். "எனக்கு ஒண்ணும் தெரியலியேம்மா. அழகாத்தான் படிச்சிருக்கீங்க. ரொம்ப நாளா ஓடிக்கிட்டே இருக்கீங்க, கொஞ்சம் ரெஸ்ட் எடுங்க."

தப்பை ஒப்புக்கொள்ள வந்தவளுக்கு அந்தப் பரிவு அடியைவிட மோசமாக இருந்தது. "சார், என் குரலைத் தினமும் கேக்குறவங்களுக்குத்தான் தெரியும். ஒருத்தரைக் கூட்டிட்டு வரேன்" என்று எழுந்தாள். ரயில் நிலையத்துக்குப் போய், அங்கே முப்பது வருடமாகச் சுமை தூக்கும் பெரியவரை அழைத்து வந்தாள். நிலையத்தில் எல்லாரும் அவரைப் பெரியப்பா என்பார்கள். எழுத்துக் கூட்டிப் படிக்க அவருக்கும் வராது. வண்டியும் மேடையும் அவருக்கு என் தங்கையின் குரல் வழியாகவே தெரியும்.

"பெரியவரே, கிரேன் பத்தி ஏதாவது தெரியுமா?" என்று அதிகாரி கேட்டார்.

"எனக்கும் அதுக்கும் ஆகாதுங்க. அது வந்தப்புறம்தான் என் தலைக்கு வேலை கொறஞ்சுது."

"இதுல நாலு பதில் வரும். எது சரின்னு தோணுதோ, அத்தனை விரல் காட்டுங்க."

பதிவு ஓடியது. சரக்கு அந்தரத்தில் தொங்கும்போது பலத்த காற்று வீசினால் முதலில் செய்ய வேண்டியது என்ன என்பது கேள்வி. பெரியவர் தலையைச் சாய்த்துக் கேட்டு மூன்று விரல் காட்டினார். அதிகாரி விடைத்தாளைப் பார்த்தார். அடுத்த கேள்விக்கு ஒரு விரல். அதற்கடுத்ததற்கு நான்கு. நடுவில் ஒன்று தவறியது, அப்போது யாரோ கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்திருந்தார்கள். மற்றபடி அவர் விரல் பிசகவே இல்லை.

"எப்படிங்க?" என்றார் அதிகாரி.

"அம்மா எங்க மூச்சு விடுவாங்களோ, அதுக்கு அடுத்து வர்றதுதாங்க விஷயம். அதுக்கு முன்னாடி சொல்றதெல்லாம் சும்மா." பெருமையாக என் தங்கையைப் பார்த்துச் சிரித்தார். தான் என்ன செய்துவிட்டோம் என்பது அவருக்குத் தெரியாது. "என்னம்மா, சரியாச் சொன்னேனா?"

"சரியாச் சொன்னீங்க பெரியப்பா" என்றாள் அவள். தலை நிமிரவில்லை.

அதிகாரி பதிவை நிறுத்தினார். "இந்த நாற்காலியில உக்காந்து காப்பி அடிச்ச எத்தனையோ பேரைப் புடிச்சிருக்கேன். காப்பி அடிக்க விட்டேன்னு தானா வந்து நின்னவங்களை இப்பத்தான் பாக்குறேன்." சோதனையை நிறுத்தப் போவதில்லை, ஆனால் இந்தத் தேர்வு செல்லாது, வேறு வினாத்தாள் வைத்து மறுபடி நடத்துவேன், இந்த முறை நானே வாசிப்பேன் என்றார். வாசலில் நின்ற ஊழியர் எனக்குக் கேட்கும்படி முணுமுணுத்தார்: "சார் படிச்சா கேள்வியே தூங்கிடும்." அப்படிப்பட்ட குரல்தான் அதற்கு வேண்டியிருந்தது.

தேர்வு எழுதியவர்களுக்கு அலுவலகம் கடிதம் அனுப்பும் என்றார் அதிகாரி. "வேணாம் சார். அவங்களுக்குக் கடிதம் வந்தா, அதை யாரையாவது படிக்கச் சொல்லணும். நான் நேர்ல போய்ச் சொல்றேன்" என்றாள்.

மகளைத் தவிர நான்கு பேர். ஒரு இளைஞன், "போங்கக்கா, நான் என் திறமைன்னு நெனச்சு ஃப்ரெண்ட்ஸுக்கெல்லாம் டீ வாங்கிக் குடுத்துட்டேன்" என்று சிரித்து மழுப்பினான். ஒரு பெண் எதுவும் சொல்லாமல் கதவைச் சாத்திக்கொண்டாள். இன்னொருவர், மறுபடி எழுதுவதுதான் சரி என்று நியாயமாகப் பேசினார். நான்காமவர், கட்டுமானப் பொருள் கிடங்கில் கிரேன் தூக்கும் சுமைகளைச் சுற்றி வார் கட்டுபவர். ஐம்பது வயதைத் தாண்டியவர். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டங்களில் என் தங்கை எவ்வளவோ கெஞ்சிய பிறகே தேர்வுக்குப் பெயர் கொடுத்திருந்தார். அவள் விஷயத்தைச் சொன்னபோது அவர் மனைவியும் பேரப்பிள்ளைகளும் அந்த அறையிலேயே இருந்தார்கள்.

"எல்லாக் கேள்விக்கும் பதில் போட்டுட்டேன்னு வீட்ல சொல்லிட்டேன்மா" என்றார். "மணி அடிக்கிறதுக்கு முன்னாடியே முடிச்சுட்டேன்னு சொன்னேன். பேரன் தோள்ல தூக்கிக்கச் சொன்னான், தூக்கிக்கிட்டேன்."

"மறுபடி எழுதலாங்க. நீங்க நிச்சயமா..."

"இல்லம்மா. ஃபெயிலாகுறது எனக்குப் பழக்கம். சின்ன வயசுலேர்ந்து பழக்கம். பாஸாயிட்டேன்னு நெனச்சதுக்கப்புறம், அது நானில்லன்னு கேக்குறது பழக்கமில்ல." பேரனைப் பார்த்து, "உள்ள போய் விளையாடுடா" என்றார். குழந்தை போகவில்லை.

அவர் சொன்னதை என்னிடம் ஒருமுறைதான் சொன்னாள். ஸ்கேலால் அடித்ததை மேடை மேடையாகச் சொல்ல முடிந்தது. இதை வேறு யாரிடமும் சொல்ல நா எழவில்லை. அடித்த காலத்தில் அவளுக்கு விவரம் தெரியாது. இப்போது எல்லாம் தெரிந்திருந்தது.

மறுதேர்வுக்கு நான்கு பேர் வந்தார்கள். வார் கட்டுபவர் வரவில்லை. அதிகாரி ஒரே சுருதியில், ரேஷன் அட்டை எண் வாசிப்பதுபோல் வாசித்தாராம். மகள் தேறினாள். கதவைச் சாத்திய பெண்ணும் நியாயமாகப் பேசியவரும் தேறினார்கள். டீ வாங்கிக் கொடுத்த இளைஞன் தோற்று, அடுத்த தடவைக்குப் பெயர் கொடுத்துவிட்டு வந்தான். மகளின் மதிப்பெண் நல்ல மதிப்பெண். யாருடைய மூச்சும் அவளுக்குத் தேவைப்பட்டிருக்கவில்லை. அதைக் கேட்டு என் தங்கைக்குச் சந்தோஷப்படக்கூடக் கூச்சமாக இருந்தது. "நல்லதுடி" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போய்த் துவைத்த துணியை மடிக்க ஆரம்பித்தாள்.

சாவிக்கடைக்காரர்தான் பேசினார். "ஊருக்கெல்லாம் பூட்டைத் திறந்து குடுக்குறேன். என் வீட்ல ரெண்டு பேர் வாயைத் திறக்க என்கிட்ட சாவி இல்ல."

மகள் உள்ளே போனாள். கொஞ்ச நேரம் அம்மா மடித்ததையே எடுத்து மறுபடி மடித்தாள். "திங்கக்கிழமை கேபின்ல ஏறுறேன். வந்து பாக்குறியா?"

"நான் வந்தா உனக்கு..."

"கீழ நின்னு கையைக் கிய்யை ஆட்டாம இருந்தா வரலாம்."

போனாள். கிடங்கின் ஓரத்தில் மஞ்சள் கோட்டுக்கு வெளியே இரு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றாள். நானும் பக்கத்தில் நின்றேன். மேலே மகள் தகட்டுக் கட்டைத் தூக்கி, நகர்த்தி, குறித்த இடத்தில் இறக்கினாள். கீழே நின்றவன் கட்டைவிரலை உயர்த்தினான். என் தங்கை மூச்சை அடக்கிக்கொண்டிருந்தாள் என்பதை, கட்டு தரையைத் தொட்ட பிறகுதான் கவனித்தேன்.

வார் கட்டுபவர் விஷயம் அவளை விடவில்லை. திட்டம் போட்டாள். அடுத்த தேர்வுக்கு அவர் பெயரைத் தானே கொடுத்துவிடுவது, கட்டணத்தைப் பெற்றோர் குழுவின் பணத்திலிருந்து கட்டுவது, அதிகாரியை அவர் வீட்டுக்கே ஒருமுறை கூட்டிப்போய்ப் பேசவைப்பது, பாடநூலை நிதானமாக வாசித்துப் பதிவு செய்து கொடுப்பது. எல்லாவற்றையும் மகளிடம் மூச்சுவிடாமல் சொன்னாள்.

"அவர்கிட்ட கேட்டியா?" என்றாள் மகள்.

"எதை?"

"அவருக்கு மறுபடி எழுதணுமா, வேணாமான்னு."

"வேணாம்னா சொல்லப் போறாரு? பாவம், அவமானம்..."

"இதோ. மறுபடியும் அவருக்கும் சேத்து நீயே பதில் போடுற."

சில நாள் கழித்து, கையில் எதுவும் எடுத்துக்கொள்ளாமல், என் தங்கை அவர் வேலை செய்யும் கிடங்குக்குப் போனாள். உணவு இடைவேளையில் வார் கட்டுபவர் மரப்பெட்டி ஒன்றின்மேல் உட்கார்ந்திருந்தார். அவளைப் பார்த்ததும் முகம் திருப்பவில்லை, எழுந்திருக்கவும் இல்லை. அவள் நின்றபடியே கேட்டாள்: "மறுபடி எழுத உங்களுக்கு விருப்பம் இருக்கா, இல்லையா? எதுவா இருந்தாலும் சரி. உங்க வாயால கேக்க வந்தேன்."

அவர் டப்பாவை மூடினார். "யாரு வாசிப்பாங்க?"

"அதிகாரி. நான் இல்ல."

"யோசிச்சுச் சொல்றேன்."

"சரிங்க."

இன்னும் ஏதாவது சொல்வாள் என்று அவர் எதிர்பார்த்ததுபோல் நிமிர்ந்து பார்த்தாராம். சொல்ல அவளிடம் எவ்வளவோ இருந்தது. எதையும் சொல்லாமல் திரும்பி வந்தாள்.

இதை எழுதி முடிக்கும் இன்றுவரை அவரிடமிருந்து பதில் வரவில்லை. தேர்வுக்குப் பெயர் கொடுக்க வேண்டிய கடைசி நாள் நெருங்கிக்கொண்டிருக்கிறது. அந்தக் கிடங்கு என் தங்கை வீட்டிலிருந்து இரண்டு தெரு தள்ளித்தான் இருக்கிறது. அந்தப் பக்கம் போக வேண்டிய வேலை வந்தால், அவள் சுற்றுவழியாகப் போகிறாள்.